ஒரு காலில் மட்டும் வீக்கம்

பிள்ளை பெற்றவளுக்கு என்னென்ன செய்ய வேண்டும் என்று எங்கள் ஊரில் எல்லோருக்கும் தெரியும், பெற்றவளைத் தவிர. அவளிடம் யாரும் கேட்பதும் இல்லை.

என் பெயர் மௌனிகா. பெயரையும் என் வாயையும் சேர்த்துப் பார்த்துச் சிரிக்கிறவர்கள் முதலில் சிரித்து முடித்துவிடுங்கள். மீனாட்சிபுரத்துப் பால் சங்கத்தில் பால் சோதிக்கிற வேலை எனக்கு. காலையில் முதல் கேன் வந்ததிலிருந்து கடைசிக் கேன் வண்டி ஏறுகிறவரை நின்றுகொண்டேதான் இருப்பேன். தண்ணீர் கலந்து ஊற்ற வந்த சொந்தத் தாய்மாமனையே முகத்துக்கு நேராகத் திருப்பி அனுப்பியவள். அப்படி ஒருத்தியைக் கட்டிலில் போட்டு, ஒரு மாதத்துக்குத் தரையில் கால் வைக்காதே என்றால் அவள் என்ன ஆவாள்? பைத்தியம்தான் ஆவாள். நான் ஆகிக்கொண்டிருந்தேன்.

பிரசவம் பாலக்காட்டில். சுகப்பிரசவத்துக்குக் காத்திருந்து காத்திருந்து, கடைசியில் வயிற்றைக் கீறித்தான் எடுத்தார்கள். பெண் குழந்தை. வீட்டுக்கு அனுப்பும்போது மலையாளத்து நர்ஸ் என் தோளைத் தட்டி, "சேச்சி, நடக்கணும் கேட்டோ. வெறுதே கிடக்கருது. வெள்ளம் நல்லோணம் குடிக்கணும்" என்றாள். சும்மா படுத்தே கிடக்காதே, தண்ணீர் நிறையக் குடி என்று அர்த்தம். எனக்குப் புரிந்தது. என் அம்மா ராமாத்தாளுக்கும் புரிந்தது. கேரள எல்லையில் இருக்கிறவளுக்கு மலையாளம் புரியாமல் போகுமா? நன்றாகத் தலையாட்டினாள். கார் ஆஸ்பத்திரி வாசலைத் தாண்டியதும், "அவங்களுக்கென்ன, சொல்லீட்டுப் போயிருவாங்க. ஒண்ணுன்னா தூக்கிச் சுமக்கறது நாமதான?" என்றாள். நர்ஸ் சொன்னதெல்லாம் பாலக்காட்டிலேயே நின்றுவிட்டது.

மீனாட்சிபுரத்தில் அம்மா வீட்டு உள்ளறையில் கட்டில் தயாராக இருந்தது. ஜன்னல் சாத்தியிருந்தது. ஃபேன் போடக் கூடாது, காற்று ஏறிவிடும். காதில் பஞ்சு. தலையில் துண்டு. அறையை ஒட்டிய குளியலறைக்குப் போவதென்றால்கூட அம்மா வந்து இரண்டு கைகளாலும் பிடித்துக்கொள்வாள். அந்த நாலைந்து எட்டுத்தான் என் உலகம். தாகம் என்றால் சின்ன டம்ளரில் அரை டம்ளர் வெந்நீர், அதுவும் மருந்து குடிக்கிற மாதிரி.

"இன்னுங் கொஞ்சம் குடும்மா."

"தண்ணி குடிச்சா வகுறு ஊதிப்போகும் கண்ணு. தையல்ல நீர் கோத்துக்கும்."

"ஆஸ்பத்திரியில குடிக்கச் சொன்னாங்கல்ல?"

"ஆஸ்பத்திரிக்காரியா உன்னையப் பெத்தா?"

அம்மாவோடு சண்டை போடுவது சேற்றில் சைக்கிள் ஓட்டுவதைப் போல. மிதித்து மிதித்து நமக்குத்தான் கால் வலிக்கும்.

படுத்துப் படுத்துப் பார்த்தேன். கட்டில் சட்டத்தில் விரலால் தட்டிக்கொண்டே இருந்தேன். சங்கத்தில் எனக்குப் பதிலாக நிற்கிற சிஞ்சுவுக்குப் போன் செய்து யார் பாலில் கொழுப்பு எவ்வளவு, யாருடையது திரும்பிப் போனது என்று விசாரித்தேன். இரண்டு நாளில் அம்மா போனையும் பிடுங்கிவிட்டாள். பிள்ளை பெற்றவள் வெளிச்சத்தைப் பார்த்தால் கண் கெட்டுவிடுமாம். குழந்தை ஒன்றுதான் மிச்சம். அவளும் பால் குடித்த கையோடு தூங்கிவிடுவாள். மகராசி, அவளுக்கென்ன கவலை!

ஒரு நாள் பொறுமை விட்டுப்போய், "நான் எந்திரிச்சு வாசல் வரைக்கும் போயிட்டு வரப் போறேன், நீ தடுத்தாலும் போவேன்" என்று காலைத் தொங்கப் போட்டேன். அம்மா கத்தவில்லை. என் முன்னால் தரையில் உட்கார்ந்து என் இரண்டு முழங்கால்களையும் கட்டிப்பிடித்துக்கொண்டாள்.

"என்ற அக்கா இப்படித்தான் சொன்னா" என்றாள்.

நாச்சம்மா பெரியம்மாவின் கதை வீட்டில் எல்லோருக்கும் தெரியும், ஆனால் முழுசாக யாரும் சொன்னதில்லை. அன்றைக்குத்தான் அம்மா சொன்னாள். கோபாலபுரத்தில் அம்மா பிறந்த வீட்டுக்குத் தலைப்பிரசவத்துக்கு வந்திருக்கிறாள் பெரியம்மா. அம்மாவுக்கு அப்போது கல்யாணம் ஆகவில்லை, இரட்டைச் சடை வயசு. அக்காவை எழுந்திருக்க விடாமல் பார்த்துக்கொள்ள வேண்டியது இவள் பொறுப்பு. அப்படியே பார்த்துக்கொண்டாள். அக்கா கெஞ்சினாலும் விடவில்லை. ஒரு சாயங்காலம் வாசலில் யாரோ கூப்பிட, என்னவென்று பார்த்துவிட்டுத் திரும்புவதற்குள் பெரியம்மா எழுந்து நடந்திருக்கிறாள். கதவுக்கிட்ட வந்தவள் நெஞ்சைப் பிடித்துக்கொண்டு அப்படியே விழுந்தாள். மூச்சு இழுத்து இழுத்து நின்றுபோனது. பச்சை உடம்போடு எழுந்தாள், காத்து அடித்துவிட்டது என்றார்கள் பெரியவர்கள். குழந்தையை அப்பன் வீட்டார் தூக்கிக்கொண்டு போய் வளர்த்தார்கள்.

"நான் சித்த நேரம் அக்கட்டால போனேன். அவ எந்திரிச்சுட்டா. எந்திரிச்சதுனால போயிட்டா" என்றாள் அம்மா. "நீயும் அதையே பண்ணாத சாமி."

இதற்குப் பிறகும் சண்டை போட வாய் வருமா? எனக்கே வரவில்லை. காலை எடுத்துக் கட்டிலில் போட்டேன். அம்மா போர்வையை இழுத்து மூடினாள். அன்றைக்கு அவள்மேல் எனக்குக் கோபம் இருந்தது, பாவமாகவும் இருந்தது.

அதற்கு அடுத்துத்தான் கால் வலி வந்தது. இடது கெண்டைக்கால். முதலில் நரம்பு சுண்டி இழுத்த மாதிரி இருந்தது. பிறகு விடவே இல்லை. "வாய்வு" என்றாள் அம்மா. எங்கள் வீட்டில் எந்த வலிக்கும் வாய்வுதான் முதல் குற்றவாளி. பூண்டு போதவில்லை என்று குழம்பில் பூண்டைக் கூட்டினாள். எண்ணெயைக் காய்ச்சிக் கொண்டுவந்து, காலை மடியில் வைத்துக்கொண்டு, கணுக்காலிலிருந்து மேல்நோக்கி நீவி நீவி விட்டாள். அம்மாவின் கை பெரிய கை, பாசமான கை. அது பட்டதும் நான் கூரை பிய்கிற மாதிரி கத்தினேன்.

"வலிச்சாத்தான் வாய்வு எறங்கும்" என்றாள்.

இரண்டு நாள் இறக்கிப் பார்த்தாள். இறங்கவில்லை. காலில் கொலுசு இருந்தது. வலது காலில் கொலுசு சுற்றிச் சுற்றி விளையாடியது. இடது காலில் அசையாமல் தசையில் பதிந்து கிடந்தது. அதைக் கழற்ற அம்மா சோப்பு நுரை போட வேண்டியிருந்தது.

"பிள்ள பெத்த ஒடம்பு நீர் வாங்கியிருக்குது. எல்லாருக்கும் வர்றதுதான்."

"ஒரு காலுக்கு மட்டுமா நீர் வாங்கும்?"

"நீ எப்பவும் அந்தப் பக்கமே சாஞ்சு பால் குடுக்கற. அதான்."

எதற்கும் ஒரு 'அதான்' அம்மாவிடம் தயாராக இருக்கும்.

என் வீட்டுக்காரர் ஆனந்தகுமார் கொழிஞ்சாம்பாறைப் பக்கம். ஒரு கட்டுத்தறி நிறைய மாடு வைத்திருக்கிறார். தினமும் காலைப் பால் ஊற்றிவிட்டு நேராக இங்கே வருவார். வந்து நிலைப்படிக்கு அந்தப் பக்கம் நிற்பார். தீட்டு. தீட்டுக் கழிக்கிற புண்ணியார்ச்சனை முடிகிறவரை மாப்பிள்ளை உள்ளறைக்குள் வரக் கூடாது. ஆஸ்பத்திரியில் என் தலைமாட்டிலேயே உட்கார்ந்திருந்தார், குழந்தையை முதலில் வாங்கியதே அவர்தான். அங்கே இல்லாத தீட்டு இங்கே மட்டும் எந்தச் சந்து வழியாக வந்தது என்று கேட்டால் பதில் கிடையாது. அவரும் கேட்க மாட்டார். மாமியார் வீட்டில் மாப்பிள்ளை வாய் திறப்பது சோற்றுக்கு மட்டும்தான். அம்மா குழந்தையைக் கொண்டுபோய் அவரிடம் காட்டுவாள். அவர் என்னைப் பார்த்து, "நல்லாருக்கறயா?" என்பார். நான், "எனக்கென்ன குறை" என்பேன். அவ்வளவுதான் எங்கள் தாம்பத்தியம்.

அன்று காலை அவர் வந்தபோது எனக்கு இருப்புக் கொள்ளவில்லை. கால் கனத்துக் கிடந்தது. உள்ளுக்குள் ஏதோ சரியில்லை, ஏதோ வரப்போகிறது என்று அடித்துக்கொண்டே இருந்தது. அம்மா அடுப்படியில் இருந்தாள்.

"ஏனுங்க, உங்க செவல மாடு கன்னு போட்டுட்டு எந்திரிக்காமக் கெடந்தா என்ன பண்ணுவீங்க?"

"எந்திரிக்கலீன்னாவா? டாக்டருக்குப் போன் போடுவன்."

"அவரு வர்ற வரைக்கும்?"

"பொரட்டிப் பொரட்டிப் போடோணும். ஒரே பக்கமாக் கெடந்தா அடியில இருக்கற காலு மரத்துப் போகுமுல்ல? அப்பறம் எந்திரிக்கவே எந்திரிக்காது. எதுக்குக் கேக்கற?"

"எத்தன நாள் பொறுப்பீங்க?"

"நாளா? பொழுது சாயறதுக்குள்ள எந்திரிச்சாகோணும்."

சொல்லிவிட்டு என்னைப் பார்த்தார். சொன்னது இப்போதுதான் அவருக்கே உறைத்தது.

"மாட்டுக்கு இருக்கற நாயம் எனக்கு இல்லீங்களா?" என்றேன். "உள்ள வந்து என்ற காலத் தொட்டுப் பாருங்க."

"அத்தை ஏதாச்சும்..."

"தொட்டாப் பொசுங்கிப் போயிருவீங்களா?"

அடுப்படிப் பக்கம் ஒருமுறை பார்த்தார். பிறகு வந்துவிட்டார். போர்வையை விலக்கி, புறங்கையை என் வலது கெண்டைக்காலில் வைத்தார். அதை எடுத்து இடது காலில் வைத்தார். மறுபடியும் வலது. மறுபடியும் இடது. கறக்க உட்காரும் முன் ஒவ்வொரு மாட்டின் மடியையும் அவர் இப்படித்தான் தொட்டுப் பார்ப்பார், காம்பு காம்பாக. பார்க்காமல் கை வைக்க மாட்டார். நான் எத்தனையோ முறை கேலி செய்திருக்கிறேன்.

"இது பச்சத்தண்ணியாட்டக் குளுந்து கெடக்குது. இது கொதிக்குது" என்றார். "கல்லாட்ட வேற இருக்குது. எத்தன நாளா?"

"ரண்டு மூணு நாளா. அம்மா வாய்வுங்குது."

"நாலு காம்புல ஒண்ணு மட்டும் இப்படி இருந்தா, நான் வாய்வுன்னு சொல்லீட்டுச் சும்மா இருப்பனா?" அவர் குரல் உயர்ந்து நான் கேட்டதே இல்லை. இப்போது உயர்ந்தது. "எதோ ஒரு பக்கத்துல மட்டும் வந்துச்சுன்னா அது நோவுதான் புள்ள."

சத்தம் கேட்டு அம்மா எண்ணெய்க் கிண்ணத்தோடு வந்து நின்றாள். மாப்பிள்ளையைக் கட்டிலருகே பார்த்ததும் முகம் சுருங்கியது.

"என்னுங்க மாப்பிள்ள இது, நல்லது கெட்டது பாக்க வேண்டாமுங்களா?"

"அத்தை, ஆஸ்பத்திரிக்குக் கூட்டீட்டுப் போயிரலாமுங்க."

"இத்தனை நாள் பொறுத்தாச்சு, புண்ணியார்ச்சன முடியட்டுமுங்க. இன்னைக்கு நல்லா நீவி உட்டன்னா எறங்கீரும்." சொல்லிக்கொண்டே கட்டிலில் உட்கார்ந்து என் காலை இழுத்து மடியில் வைத்தாள்.

எனக்குக் கோபம் வந்தால் கண்மண் தெரியாது. காலை உதறிப் பிடுங்கினேன். பஞ்சைக் காதிலிருந்து எடுத்து எறிந்தேன். கட்டிலிலிருந்து இறங்கி, யார் பிடிக்கும் முன்னால், கதவைப் பார்த்து நடந்தேன்.

கதவு வரைக்கும்தான் போனேன். விலாவில் கத்தி இறங்கியது. மூச்சை உள்ளே இழுத்தால் பாதியில் நின்றது. நெஞ்சு தறிகெட்டு அடித்தது. நிலையைப் பிடித்துக்கொண்டு அப்படியே மடங்கினேன். அவர் ஓடி வந்து தாங்கிக்கொண்டார்.

கிண்ணம் விழுந்து எண்ணெய் தரையெல்லாம் ஓடியது. "எந்திரிச்சுட்டா! எந்திரிச்சுட்டா!" என்று அம்மா கத்தியதை இன்னும் என்னால் மறக்க முடியவில்லை. அது மகளைப் பார்த்துக் கத்திய கத்தல் இல்லை. கோபாலபுரத்து வீட்டில் அன்றைக்குத் தொண்டையில் அடைத்து நின்றது இப்போது வெளியே வந்தது. அவள் இத்தனை வருஷம் பயந்தது அச்சு அசலாக அவள் கண் முன்னால் நடந்துகொண்டிருந்தது. நடக்காதே என்றாள், நடந்தேன், விழுந்தேன். இதைவிட அவளுக்கு வேறென்ன சாட்சி வேண்டும்?

"படுக்க வெய்யுங்க மாப்பிள்ள! படுத்தாச் செரியாப் போயிரும்!"

"படுத்ததுனாலதானுங்க அத்தை இப்படி ஆயிருக்குது!"

அம்மா கேட்கவில்லை. என் தோளைப் பிடித்துக் கட்டில் பக்கம் இழுத்தாள். அவர் வாசல் பக்கம் பிடித்தார். இருவருக்கும் நடுவில் நான் மூச்சுக்கு அலைந்துகொண்டிருந்தேன். செத்துப்போய்விடுவேன் என்று எனக்குத் தெளிவாகத் தெரிந்தது. குழந்தைக்கு இன்னும் பெயர்கூட வைக்கவில்லையே என்று நினைத்தேன். என் அப்பா அப்புசாமி தோட்டத்திலிருந்து ஓடி வந்தார். வீட்டில் பேசுகிற வேலையை அம்மாவிடம் மொத்தமாக விட்டுவிட்ட மனிதர். என் முகத்தைப் பார்த்தார், போய்க் காரை எடுத்தார்.

அம்மா கதவை மறித்துக்கொண்டு நின்றாள். "நடக்க உட மாட்டன். ஒரு எட்டு வெக்க உட மாட்டன்."

"நடக்க வெக்கலீங்க அத்தை" என்றார் அவர். அவர் குரல் திடீரென்று தணிந்துவிட்டது, மிரண்ட மாட்டிடம் பேசுகிற மாதிரி. "தரையில கால் படாமத் தூக்கீட்டுப் போறனுங்க. வழி உடுங்க."

அம்மா அவரைப் பார்த்தாள். என்னைப் பார்த்தாள். விலகினாள். பிள்ளை பெற்ற பிறகு நான் இருந்த கனத்துக்கு என்னைத் தூக்கினது பெரிய காரியம். சினிமாவில் தூக்குகிற மாதிரி எல்லாம் இல்லை. தீவனமூட்டையைத் தூக்குகிற மாதிரி முக்கித்தான் தூக்கினார். அம்மா குழந்தையை வாரிக்கொண்டு பின்னாலேயே ஓடி வந்தாள்.

பாலக்காடு தூரம். பொள்ளாச்சி பக்கம். அப்பா யோசிக்காமல் பொள்ளாச்சிக்குத் திருப்பினார். ரயில்வே கேட் மூடியிருந்தது. ரயில் எங்கே வருகிறதென்றே தெரியவில்லை. அப்பா சும்மா சும்மா ஹாரன் அடித்தார், ஏதோ ரயில் பயந்து சீக்கிரம் போய்விடும் என்பது போல. என் வீட்டுக்காரர் பின்சீட்டில் என்னைச் சாய்த்துப் பிடித்துக்கொண்டு, "இழு, இன்னொருக்கா மூச்ச இழு" என்று சொல்லிக்கொண்டே இருந்தார். முன்சீட்டில் அம்மாவின் தலை மட்டும் தெரிந்தது. அவள் ஒரு தடவைகூடத் திரும்பிப் பார்க்கவில்லை. பார்க்கத் துணிவில்லை.

ஆஸ்பத்திரியில் டாக்டர் யோகப்பிரியா, என் வயசுதான் இருக்கும், முதலில் செய்த வேலை என் சேலையை விலக்கி இரண்டு கால்களையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்த்தது. எண்ணெய் வாசனை அறையெல்லாம் அடித்தது.

"காலைத் தேய்ச்சு விட்டீங்களா?"

அம்மா எண்ணெய்க் கையை முந்தானையில் துடைத்தாள்.

"இனிமே இந்தக் காலை யாரும் அமுக்கக் கூடாது, நீவக் கூடாது" என்றார். ஆக்சிஜன் வைத்தார்கள். ஊசி போட்டார்கள். காலுக்கு ஒரு ஸ்கேன், நெஞ்சுக்கு ஒரு ஸ்கேன். காலின் பெரிய ரத்தக்குழாயில் ரத்தம் உறைந்து கட்டியாக அடைத்துக்கொண்டு நிற்கிறது. அதிலிருந்து ஒரு துணுக்கு பிய்ந்து நுரையீரலுக்குப் போயிருக்கிறது. சின்னத் துணுக்கு. பெரியதாக இருந்திருந்தால் என்ன ஆகியிருக்கும் என்று டாக்டர் சொல்லவில்லை. நானும் கேட்கவில்லை. எதையும் கேட்காமல் விடாத நான், அதை மட்டும் கேட்கவில்லை.

மறுநாள் மூச்சு சீராகிவிட்டது. காலை மடக்கி நீட்ட முடிந்தது. டாக்டர் வந்து கட்டிலோரம் நின்று விளக்கினார். கர்ப்பமாக இருக்கும்போதே ரத்தம் சீக்கிரம் உறைகிற மாதிரி உடம்பு தயாராகிவிடுமாம். பிரசவத்தில் ரத்தம் ஒரேயடியாகப் போய்விடக் கூடாது என்று உடம்பே செய்துகொள்ளும் ஏற்பாடு. குழந்தை பிறந்த பிறகும் சில வாரங்கள் அப்படியேதான் இருக்கும். "அதுக்கு மேல ஆபரேஷனும் ஆச்சு, அசையாமப் படுத்தும் இருந்தீங்க, தண்ணியும் குடிக்கல. எல்லாம் சேர்ந்து கால்ல ரத்தம் தேங்கி உறைஞ்சிடுச்சு" என்றார். சில மாதங்களுக்கு மருந்து உண்டு, நிறுத்தக் கூடாது, பால் கொடுக்கலாம், பயப்பட வேண்டாம்.

அம்மா சுவரோரம் நின்றிருந்தாள். ஆஸ்பத்திரிக்கு வந்ததிலிருந்து அவள் என்னைத் தொடவில்லை. இரண்டு கைகளையும் முந்தானைக்குள் சுற்றி வைத்திருந்தாள்.

"ஏனுங்க டாக்டரம்மா" என்றாள். "எந்திரிச்சு நடந்தா செத்துப் போவாங்களா?"

"நடக்காம இருந்தாத்தாம்மா ஆபத்து."

"என்ற அக்கா பிள்ள பெத்துட்டுப் படுத்திருந்தா. எந்திரிச்சு நடந்தா. விழுந்தா. போயிட்டா." அம்மா ஒவ்வொன்றாகச் சொன்னாள், சங்கத்தில் கணக்குக் கேட்டவருக்குச் சொல்கிற மாதிரி. "அது எந்திரிச்சதுனாலதானுங்களே?"

டாக்டர் அம்மா பக்கம் திரும்பினார். "அதுக்கு முன்னாடி எத்தனை நாள் படுத்திருந்தாங்க?"

"எந்திரிக்கவே உடல. நாந்தானுங்க காவல்."

டாக்டர் அடுத்ததைக் கேட்கவே இல்லை. அம்மாவே சொன்னாள்.

"ஒரு காலுதானுங்க வீங்கியிருந்துச்சு."

"அம்மா..." என்றேன் நான்.

"எண்ணெயக் காச்சி நாந்தானுங்க நீவி உட்டேன். தெனமும் ரண்டு வேள."

டாக்டர் அம்மாவின் தோளில் கை வைத்தார். "அவங்களுக்கு என்ன ஆச்சுன்னு இப்ப யாராலயும் சொல்ல முடியாதும்மா. அப்ப நீங்க சின்னப் பொண்ணு. பெரியவங்க சொன்னதைச் செஞ்சீங்க" என்றார். அம்மா தலையாட்டினாள். பாலக்காட்டு நர்ஸிடம் ஆட்டிய அதே ஆட்டல் இல்லை இது. அப்புறம் குழந்தையின் துணியைத் துவைக்க வேண்டும் என்று சொல்லி, துவைத்து மடித்து வைத்திருந்த துணிகளையே எடுத்துக்கொண்டு குளியலறைக்குள் போனாள். குழாய்ச் சத்தம் வெகுநேரம் நிற்கவில்லை. நான் கட்டிலில் கிடந்து அழுதேன். அம்மாவுக்காக அழுதேனா, நான் பார்க்காத அந்தப் பெரியம்மாவுக்காக அழுதேனா, தெரியாது. பெரியம்மா தாகத்தில்கூட எழுந்திருக்கலாம் என்று தோன்றியபோது இன்னும் அழுகை வந்தது.

அதற்கடுத்த நாள் நர்ஸ் வந்து, "இன்னிக்கு எழுந்து நடக்கலாம். வராந்தா கடைசி வரைக்கும் போயிட்டு வாங்க. கூட ஒருத்தர் பிடிச்சுக்கங்க" என்று சொல்லிவிட்டுப் போனாள். அவர் மாடு கறக்க ஊருக்குப் போயிருந்தார். அப்பா குழந்தையை மடியில் வைத்துக்கொண்டு, அசைந்தால் உடைந்துவிடும் என்பது போல உட்கார்ந்திருந்தார்.

"புடிம்மா" என்று கையை நீட்டினேன்.

"சாயங்காலம் மாப்பிள்ள வந்துரட்டும் கண்ணு."

"சாயங்காலம் வரைக்கும் என்னால படுத்துக் கெடக்க முடியாது. நீ புடி."

"எனக்குக் கை நடுங்குது."

"நடுங்கினா நடுங்கட்டும். புடி."

வந்தாள். முந்தானையிலிருந்து கையை எடுத்து என் முழங்கையை இரண்டு கைகளாலும் பற்றினாள். அவள் கை ஐஸாக இருந்தது. நான் காலைத் தரையில் வைத்தேன். இடது கால் கடுத்தது, தாங்கியது. ஒரு எட்டு வைத்தேன். அம்மா என் முகத்தைப் பார்க்கவில்லை. குனிந்து என் பாதங்களையே பார்த்துக்கொண்டு வந்தாள். ஒவ்வொரு எட்டுக்கும் அவள் மூச்சு நின்று பிறகு வந்தது. என் மூச்சு நன்றாகத்தான் இருந்தது. அவளுக்குத்தான் வாங்கியது.

அறைக் கதவுக்கிட்ட வந்ததும் நின்றுவிட்டாள். என் கையை விடவுமில்லை, நகரவுமில்லை.

"இவ்வளவு தூரந்தான் வந்தா" என்றாள்.

எனக்குச் சொல்ல எத்தனையோ இருந்தது. நீ என்ன பண்ணுவாய், உனக்கு யார் சொன்னார்கள், வீட்டில் அத்தனை பெரியவர்கள் இருந்தார்களே, பொறுப்பைச் சின்னப் பெண் தலையில் கட்டிவிட்டு அவர்கள் எங்கே போனார்கள். சொல்லத் தெரியாதவள் இல்லை நான். ஆனால் அவள் கேட்கிற நிலையில் இல்லை. அவள் கண் என் கால்மேலேயே இருந்தது. அதனால் வாயை மூடிக்கொண்டு காலைத் தூக்கி வெளியே வைத்தேன். ஒன்றும் ஆகவில்லை. அடுத்த காலையும் வைத்தேன்.

வராந்தாவில் வெயில் விழுந்திருந்தது. ஆட்கள் போனார்கள், வந்தார்கள். ஒருவர் ஃபிளாஸ்கில் டீ வாங்கிக்கொண்டு எங்களைத் தாண்டி ஓடினார். அம்மா பிடியைக் கொஞ்சம் தளர்த்தினாள். அவள் உதடுகள் ஏதோ முணுமுணுத்தன. முதலில் எனக்குக் கேட்கவில்லை.

"மெதுவா, அக்கா" என்றாள். "மெதுவா நட. நான் புடிச்சிருக்கறன்."

சொன்னது அவளுக்கே தெரியவில்லை. ஊரில் ஒருத்தர் பாக்கியில்லாமல் எல்லோரையும் திருத்துகிற நான் அவளைத் திருத்தவில்லை. "செரி" என்றேன். வராந்தாக் கடைசி ஜன்னல் வரை நடந்தோம். அங்கே திரும்பி நிற்கப் போனேன்.

"நிக்காத" என்றாள் அம்மா. "இன்னொருக்கா போலாம், வா."